ஸ்டீம் அப்டேட் பாதியில நிக்குது: நெட் கோளாறா, டிஸ்க் கோளாறா?

தண்டையார்பேட்டை_டக்

ஸ்டீம்ல (கம்ப்யூட்டர் கேம் வாங்கி இறக்குற ஆப்) கவுன்டர் ஸ்ட்ரைக் 2 அப்டேட் பாதி வரைக்கும் ஓடி நின்னுடுது. ஒரு தடவை "டிஸ்க் ரைட் எரர்", இன்னொரு தடவை "கரப்ட் அப்டேட் ஃபைல்ஸ்". ரீட்ரை கொடுத்தா கொஞ்சம் நகரும், மறுபடி நிக்கும்.

சிஸ்டம்: ஐ5 பத்தாம் தலைமுறை, 16 ஜிபி ரேம், விண்டோஸ் 10. விண்டோஸ் 240 ஜிபி எஸ்எஸ்டில, கேம் எல்லாம் 1 டிபி ஹார்ட் டிஸ்க்ல. ஏரியா கேபிள்காரர் கொடுத்த ஃபைபர் லைன், 100 எம்பிபிஎஸ், வைஃபைலதான் ஓடுது. ஸ்டீமையே அன்இன்ஸ்டால் பண்ணிட்டு புதுசா போடச் சொல்றாங்க. 600 ஜிபிக்கு மேல கேம் இருக்கு. வேற வழி இருக்கா?

வியாசை_வயர்

அன்இன்ஸ்டால் பக்கமே போகாதீங்க ப்ரோ. ஸ்டீம் ஃபோல்டருக்குள்ளயே ஸ்டீம்ஆப்ஸ் (கேம் ஃபைல் எல்லாம் இருக்கிற ஃபோல்டர்) இருந்தா, அன்இன்ஸ்டாலர் கேமையும் சேர்த்துத் துடைச்சிடும். கோளாறு வயர்லயோ டிஸ்க்லயோ இருந்தா, அத்தனையும் திரும்ப இறக்கினாலும் இதே இடத்துல வந்து நிக்கும்.

எதையும் தொடுறதுக்கு முன்னாடி டவுன்லோட்ஸ் பக்கத்துல இருக்கிற கிராஃபைப் பாருங்க. நீலக் கட்டை நெட்டோட வேகம், பச்சைக் கோடு டிஸ்க்கோட வேகம். நிக்கிற நேரத்துல எது விழுது?

நீலம் பூஜ்யம், பச்சை மேல இருந்தா கோளாறே இல்ல. இறக்கினதைப் பழைய ஃபைலோட சேர்த்துக் கட்டிட்டு இருக்கு, விட்டுடுங்க. நீலம் ஏறி ஏறி விழுந்து, பச்சையும் கூடவே விழுந்தா நெட் பக்கம் பார்க்கணும். ரெண்டும் பூஜ்யமா இருக்கும்போது டாஸ்க் மேனேஜர்ல ஹார்ட் டிஸ்க்கோட ஆக்டிவ் டைம் 100 சதவீதம், ஆனா ரீட் ரைட் வேகம் பூஜ்யம்னு காட்டினா, டிஸ்க் பதில் சொல்லாம தொங்குதுன்னு அர்த்தம். இந்த மூணுக்கும் மருந்து வேற வேற.

அடுத்தது லாக். ஸ்டீம் ஃபோல்டருக்குள்ள லாக்ஸ், அதுல கன்டென்ட் லாக்னு ஒரு டெக்ஸ்ட் ஃபைல் இருக்கும். நோட்பேட்ல திறந்து கடைசிக்குப் போங்க. கவுன்டர் ஸ்ட்ரைக் 2க்கு ஆப் ஐடி 730. அந்த நம்பரோட "அப்டேட் கேன்சல்டு"னு வர்ற வரியில காரணமும் இருக்கும். எழுத முடியாம போயிருந்தா எந்த ஃபைல்ல தடுக்குச்சுன்னு பேரும் கிடைக்கும். தடவைக்குத் தடவை அதே ஃபைல்னா அந்த இடத்துல பிரச்சனை. ஒவ்வொரு தடவையும் வேற வேற ஃபைல்னா கேபிள், ரேம், இல்ல டிஸ்க் மொத்தமுமே சந்தேகம்.

ராயபுரம்_ரேஞ்ச்

டிஸ்க்ல எவ்வளவு இடம் காலியா இருக்குன்னும் சொல்லுங்க. நிறைய பேர் மாட்டிக்கிறது அங்கதான்.

300 எம்பி அப்டேட்டுக்கு 40 ஜிபி இடம் கேட்குதேன்னு பலரும் கேட்கிறாங்க. ஸ்டீம் ஒவ்வொரு ஃபைலையும் சுமார் 1 எம்பி துண்டுகளாப் பிரிச்சு வெச்சிருக்கு. அப்டேட்ல மாறின துண்டு மட்டும்தான் நெட்ல வரும். ஆனா அந்தத் துண்டைப் பழைய ஃபைலுக்குள்ள நேரா ஒட்டாது. பழைய ஃபைல்ல இருந்து மாறாத துண்டுகளை எடுத்து, புதுத் துண்டுகளோட சேர்த்து, முழு ஃபைலையும் டவுன்லோடிங் ஃபோல்டர்ல புதுசா எழுதும். எல்லாம் சரியா முடிஞ்ச பிறகுதான் பழசைத் தூக்கிட்டு புதுசை வைக்கும். அதனால நடுவுல கரன்ட் போனாலும் பழைய கேம் கெடாது. அந்த ஏற்பாட்டுக்குக் கொடுக்கிற விலைதான் இந்த இடம்.

கவுன்டர் ஸ்ட்ரைக் மாதிரி சின்னச் சின்னப் பொதிகளா வெச்சிருக்கிற கேம்ல இது அவ்வளவாத் தெரியாது. அன்ரியல் எஞ்சின் கேம்கள்ல எல்லாத்தையும் மூட்டை கட்டின ஒரே பேக் (pak) ஃபைல் 20, 30 ஜிபிக்கு இருக்கும். அதுல ஒரு ஓரம் மாறினாலும் முழுசையும் திரும்ப எழுதணும். ஹார்ட் டிஸ்க்ல அதே தட்டுல படிக்கணும், அதே தட்டுல எழுதணும், ரெண்டும் மாறி மாறி நடக்கிறதால ரொம்ப நேரம் இழுக்கும். கேம் டிஸ்க்ல எப்பவும் உங்க பெரிய கேம் அளவுக்காவது இடத்தைக் காலியா விடுங்க.

தண்டையார்பேட்டை_டக்

காலி இடம் 180 ஜிபி இருக்கு. நிக்கும்போது நீலம், பச்சை ரெண்டுமே பூஜ்யம். டாஸ்க் மேனேஜர்ல ஹார்ட் டிஸ்க் 100 சதவீதம், வேகம் 0. கொஞ்ச நேரம் அப்படியே இருந்துட்டு எரர் வருது. லாக்ல "டிஸ்க் ரைட் ஃபெயிலியர்", ஒவ்வொரு தடவையும் வேற ஃபைல்.

வியாசை_வயர்

அப்போ நெட்டை விட்டுடுங்க. கிரிஸ்டல்டிஸ்க்இன்ஃபோ போட்டு ஹார்ட் டிஸ்க்கோட ஸ்மார்ட் பட்டியலைப் (டிஸ்க் தன் உடல்நிலையைத் தானே குறிச்சு வைக்கிற கணக்கு) பாருங்க. ரா வேல்யூ முதல்ல பதினாறடிமான எண்ல காட்டும், ஃபங்ஷன் மெனுல அட்வான்ஸ்டு ஃபீச்சர், ரா வேல்யூஸ்ல போய் 10 அடிமானத்துக்கு மாத்திக்கோங்க. மூணு வரி போதும்.

05, ரீஅலொகேட்டட் செக்டார்: கெட்டுப்போன இடத்துக்குப் பதிலா உதிரி இடத்துக்கு மாத்தின எண்ணிக்கை. சி5, கரன்ட் பெண்டிங் செக்டார்: படிக்க முடியாம காத்துக்கிட்டிருக்கிற இடம். இது பூஜ்யத்துக்கு மேல இருந்தா முதல்ல உங்க ஃபோட்டோ, டாக்குமென்ட்டை வேற டிஸ்க்குக்கு மாத்துங்க, கேமை அப்புறம் பேசலாம். சி7, யுடிஎம்ஏ சிஆர்சி எரர்: டிஸ்க்குக்கும் மதர்போர்டுக்கும் நடுவுல டேட்டா சிதைஞ்ச எண்ணிக்கை. டிஸ்க் நல்லா இருந்தாலும் சாட்டா கேபிள் சரியில்லைன்னா இது ஏறும்.

05, சி5 ரெண்டும் பூஜ்யம், சி7 மட்டும் ஏறுதுன்னா டிஸ்க் வாங்கக் கிளம்பாதீங்க. சாட்டா கேபிளை மாத்துங்க, மதர்போர்டுல வேற போர்ட்ல செருகுங்க. கிளிப் இருக்கிற கேபிளா பார்த்து வாங்குங்க, ரிச்சி ஸ்ட்ரீட்ல எந்தக் கடைலயும் கிடைக்கும். பவர் பக்கமும் பாருங்க: நாலு முனை மோலக்ஸ்ல இருந்து சாட்டாவுக்கு மாத்துற அடாப்டர் போட்டிருந்தா அதைக் கழட்டிட்டு, பவர் சப்ளைல இருந்து நேரா வர்ற சாட்டா முனையைக் கொடுங்க.

கொருக்குப்பேட்டை_கிராஃப்

நான் படிச்சதுல ஆன்டிவைரஸை மொத்தமா ஆஃப் பண்ணிட்டு, டிஸ்க்ல செக் டிஸ்க் ஆர் (டிஸ்க்கைச் சோதிக்கிற விண்டோஸ் கட்டளை, chkdsk /r) போட்டு விட்டா சரியாகிடும்னு போட்டிருந்தது. அதை முதல்ல செஞ்சா என்ன?

ராயபுரம்_ரேஞ்ச்

ரெண்டுமே முதல் வேலையா செய்யக் கூடாது பா.

ஆர் ஸ்விட்ச் டிஸ்க்கோட ஒவ்வொரு இடத்தையும் படிக்கும். 1 டிபிக்கு மணிக்கணக்குல ஓடும். சி5 ஏறிட்டிருக்கிற டிஸ்க்ல அதைப் போட்டா மிச்சமிருக்கிற உயிரையும் உறிஞ்சிடும். முதல்ல பேக்கப், அப்புறம்தான் அது. கரன்ட் போய் ஃபைல் சிஸ்டம் மட்டும் குழம்பியிருந்தா எஃப் ஸ்விட்ச் போதும், சீக்கிரம் முடியும்.

ஆன்டிவைரஸை அணைக்கவும் வேண்டாம். விண்டோஸ் செக்யூரிட்டில வைரஸ் அண்ட் த்ரெட் புரொடெக்ஷன், மேனேஜ் செட்டிங்ஸ், கீழ எக்ஸ்க்ளூஷன்ஸ். அங்க ஸ்டீம் லைப்ரரி ஃபோல்டரை மட்டும் சேர்த்தா போதும். அதே இடத்துல கன்ட்ரோல்டு ஃபோல்டர் ஆக்சஸ் ஆன்ல இருந்தா, உங்க லைப்ரரி டாக்குமென்ட்ஸ் மாதிரி பாதுகாக்கப்பட்ட ஃபோல்டருக்குள்ள இருக்கான்னு பாருங்க. அப்படி இருந்தா ஸ்டீமை எழுத விடாம தடுக்கலாம். எரர்ல "கன்டென்ட் ஃபைல் லாக்டு"ன்னு வந்தா பெரும்பாலும் ஆன்டிவைரஸ், இல்லைன்னா கேம் பின்னாடி இன்னும் ஓடிட்டிருக்கு. டாஸ்க் மேனேஜர்ல கேமோட ப்ராசஸை முடிச்சுட்டு ரீட்ரை கொடுங்க.

டிஸ்க் சரின்னு உறுதியான பிறகு வரிசை இது. செட்டிங்ஸ், டவுன்லோட்ஸ்ல கிளியர் கேஷ். கேம் அழியாது, திரும்ப லாகின் மட்டும் கேட்கலாம். அதுல போகலைன்னா கேம் மேல ரைட் கிளிக், ப்ராப்பர்ட்டீஸ், இன்ஸ்டால்டு ஃபைல்ஸ், வெரிஃபை. அதுவும் நின்னா செட்டிங்ஸ், ஸ்டோரேஜ்ல மூணு புள்ளியைத் தொட்டு ரிப்பேர் ஃபோல்டர். கடைசியா, ஸ்டீமை முழுசா மூடிட்டு, ஸ்டீம்ஆப்ஸுக்குள்ள டவுன்லோடிங் ஃபோல்டர்ல அந்த ஆப் ஐடி பேர்ல இருக்கிற ஃபோல்டரை மட்டும் அழிங்க. பாதி இறங்கினது போகும், கேம் இருக்கும். காமன் ஃபோல்டரைத் தொடவே கூடாது, கேம் அதுலதான் இருக்கு.

எண்ணூர்_எக்ஸ்பிரஸ்

எனக்கு இதே மாதிரி, ஆனா டிஸ்க் இல்ல. ஸ்டோர் பக்கம் திறக்குது, நண்பர்கள் லிஸ்ட் வருது, கேம்ல பேசவும் முடியுது. டவுன்லோட் மட்டும் 0 பைட்ஸ். "கன்டென்ட் சர்வர்ஸ் அன்ரீச்சபிள்". மொபைல் ஹாட்ஸ்பாட்ல போட்டா அதே அப்டேட் ஓடுது. கேபிள்காரர் ஸ்பீட் டெஸ்ட் காட்டிட்டு "லைன் நல்லாதான் இருக்கு"ன்றார்.

காசிமேடு_ஃபைபர்

ஹாட்ஸ்பாட்ல ஓடுதுன்னா கம்ப்யூட்டரையும் கேமையும் விட்டுடலாம், லைன் அல்லது ரவுட்டர். படிப்படியா வாங்க.

முதல்ல ரவுட்டருக்கே பிங் (சின்ன பாக்கெட் அனுப்பி பதில் வருதான்னு பார்க்கிற கட்டளை) போடுங்க, முகவரி பெரும்பாலும் 192.168.1.1. 200 தடவை ஓட விடுங்க. இங்கயே லாஸ் (சில பாக்கெட்டுக்குப் பதில் வராம போறது) வந்தா வைஃபை. பக்கத்துப் பக்கத்துல வீடு ஒட்டியிருக்கிற தெருவுலயும் ஹவுசிங் போர்டு பிளாக்குலயும் 2.4 கிகாஹெர்ட்ஸ்ல எல்லா ரவுட்டரும் ஒண்ணு மேல ஒண்ணு மோதும். 1, 6, 11 இந்த மூணு சேனல்ல ஒண்ணை வைங்க, அகலம் 20 மெகாஹெர்ட்ஸ். முடிஞ்சா 5 கிகாஹெர்ட்ஸுக்குப் போங்க, அதுவும் முடிஞ்சா லேன் கேபிளே இழுத்துடுங்க.

ரவுட்டர் வரைக்கும் சுத்தமா இருந்தா 8.8.8.8க்கு அதே மாதிரி 200. இங்க லாஸ் வந்தா லைன்ல. ரெண்டும் சுத்தம்னா எம்டியு (ஒரு பாக்கெட் அதிகபட்சம் எவ்வளவு பெருசா போகலாம்ன்ற அளவு) பார்க்கணும். உங்க அறிகுறி எனக்கு அதைத்தான் சொல்லுது.

யூசர்நேம், பாஸ்வேர்டு போட்டு ரவுட்டர் டயல் பண்ற லைன்னா அது பிபிபிஓஇ. ஒவ்வொரு பாக்கெட்லயும் 8 பைட் அதுக்குப் போயிடும், 1500ல மிச்சம் 1492. ரவுட்டர் இதைச் சரியாச் சொல்லலைன்னா சர்வர் 1500 அளவுக்கே அனுப்பும். பெரிய பாக்கெட் வழியில விழுந்துடும், "பெருசா இருக்கு, குறைச்சு அனுப்பு"ன்ற தகவலும் திரும்பிப் போகாம தடுக்கப்பட்டிருக்கும். சின்ன பாக்கெட்ல போற சாட், லாகின் எல்லாம் ஓடும். முழு பாக்கெட்ல வர்ற டவுன்லோட் மட்டும் நிக்கும்.

சோதிக்கிறது சுலபம். கமாண்ட் ப்ராம்ப்ட்ல பிங், அதோட எஃப் ஸ்விட்ச், எல் ஸ்விட்ச் போட்டு 1472, அப்புறம் 8.8.8.8 (ping -f -l 1472 8.8.8.8). துண்டாக்கணும்னு மெசேஜ் வந்தாலோ பதிலே வரலைன்னாலோ 1464. அதுவும் போகலைன்னா பத்துப் பத்தா குறைங்க. பதில் வர்ற மிகப் பெரிய எண்ணோட 28 கூட்டினா உங்க எம்டியு. 1464 போச்சுன்னா 1492. அந்த எண்ணை ரவுட்டர்ல வான் (WAN, வெளி இணைப்பு) செட்டிங்ல போடுங்க. ரவுட்டர் பூட்டியிருந்தா அட்மினா திறந்த கமாண்ட் ப்ராம்ப்ட்ல நெட்ஷெல் வழியா கம்ப்யூட்டர் அடாப்டருக்கே போடலாம். அப்பவும் வேலை செய்யும், ஏன்னா சர்வரோட பேச ஆரம்பிக்கும்போதே கம்ப்யூட்டர் தன் அளவைச் சொல்லிடும்.

எண்ணூர்_எக்ஸ்பிரஸ்

1472 போகல, 1464ம் போகல. 1452 போகுது. 8.8.8.8 பிங்ல நூத்துக்கு நாலஞ்சு லாஸும் இருக்கு, ரவுட்டர் வரைக்கும் சுத்தம்.

காசிமேடு_ஃபைபர்

1452 கூட்டல் 28, 1480. அதைப் போடுங்க. ஆனா லாஸ் தனிக் கோளாறு, அதையும் விடாதீங்க.

ரவுட்டர் பேஜ்ல பான் அல்லது ஆப்டிகல் ஸ்டேட்டஸ்னு இருக்கும். ஆர்எக்ஸ் பவர் (ஃபைபர்ல வந்து சேர்ற ஒளியோட அளவு) பாருங்க. மைனஸ் 15ல இருந்து மைனஸ் 25 டிபிஎம் வரைக்கும் நிம்மதி. மைனஸ் 27 கிட்ட வந்துட்டா விளிம்பு, மழை பேஞ்சா ரவுட்டர்ல எல்ஓஎஸ் (LOS, சிக்னல் வரலைன்னு சொல்ற) சிவப்பு லைட் எரியும். கேபிள்காரர் கிட்ட "ஸ்லோவா இருக்கு"ன்னு சொன்னா ஸ்பீட் டெஸ்ட் காட்டிட்டுப் போவார். "ஆர்எக்ஸ் மைனஸ் 27, லாஸ் நாலு சதவீதம்"னு சொன்னா ஃபைபரை ஒட்டுற ஸ்பிளைசிங் மிஷினோட வருவார்.

கடலோரம் காசிமேட்டுல இருந்து எண்ணூர் வரைக்கும் உப்புக் காத்து. கம்பத்துப் பெட்டியோட ரப்பர் போயி, ஐப்பசி கார்த்திகை மழையில தண்ணி இறங்கும். லேன் முனைல இருக்கிற செம்புத் தகடும் கறுத்துப் போகும், வீட்டுக்குள்ள இருந்தாலும். வருஷத்துக்கு ஒரு தடவை ஆர்ஜே45 முனையை வெட்டிப் புதுசா கிரிம்ப் பண்றது நல்லது. டி568பி வரிசை: ஆரஞ்சு வெள்ளை, ஆரஞ்சு, பச்சை வெள்ளை, நீலம், நீல வெள்ளை, பச்சை, பழுப்பு வெள்ளை, பழுப்பு. எட்டுல ஒண்ணு தொடலைன்னாலும் கிகாபிட் போயிடும்; 100ல நிக்கலாம், இல்ல இணைப்பே வராம போகலாம்.

ஃபைபர் முனைல பச்சைக் கனெக்டர் ஏபிசி, நீலம் யுபிசி. பச்சையை நீலத்தோட சேர்த்து மாட்டினா முகம் சரியாப் பொருந்தாது, லைட் கசியும். முனையைக் கழட்டினா கண்ணு கிட்ட வெச்சுப் பார்க்காதீங்க. அந்த ஒளி கண்ணுக்குத் தெரியாது, ஆனா உள்ள போகும்.

பெரம்பூர்_பழசு

பழைய கம்ப்யூட்டர் வெச்சிருக்கிறவங்களுக்கு ரெண்டு விஷயம்.

அடிக்கடி கரன்ட் போற வீட்ல, பிளக்கையே பிடுங்கி வெக்கிற வீட்ல, மதர்போர்டுல இருக்கிற சிஆர்2032 பேட்டரி தீர்ந்திருந்தா தேதி பல வருஷம் பின்னாடி போயிடும். தேதி தப்புன்னா சர்வரோட செக்யூரிட்டி சான்றிதழ் செல்லாதுன்னு விண்டோஸ் நினைக்கும், பாதுகாப்பான இணைப்பு எதுவும் நடக்காது. ஸ்டீம் "நோ கனெக்ஷன்"னு காட்டும், பிங் மட்டும் ஓடும். முதல்ல கீழ்மூலைல தேதியைப் பாருங்க. பேட்டரி 3 வோல்ட், மல்டிமீட்டர்ல 2.7க்குக் கீழ போயிருந்தா மாத்திடுங்க.

விண்டோஸ் 7, 8, 8.1 இந்த மூணுக்கும் 2024 ஜனவரி 1ல ஸ்டீம் ஆதரவை நிறுத்திடுச்சு. அதுல அப்டேட் நிக்குதுன்னு இங்க சொல்ற எதைச் செஞ்சும் நிரந்தரமாச் சரியாகாது. விண்டோஸை மாத்தணும்.

கொளத்தூர்_லேன்

கேமிங் சென்டர் வைத்திருப்பவர்களுக்கும், ஒரே வீட்டில் இரண்டு கம்ப்யூட்டர் இருப்பவர்களுக்கும் இதைச் சொல்கிறேன். எல்லா சிஸ்டத்திலும் நெட்டிலிருந்து இறக்கத் தேவையில்லை. 2023 முதல் ஸ்டீமிலேயே லோக்கல் நெட்வொர்க் கேம் டிரான்ஸ்ஃபர் வசதி உண்டு. ஒரு சிஸ்டத்தில் அப்டேட் முடிந்ததும், மற்றவை அதிலிருந்தே எடுத்துக்கொள்ளும். செட்டிங்ஸ், டவுன்லோட்ஸில் அந்த வசதியை ஆன் செய்து, வேறு வேறு கணக்குகள் என்றால் "எனிஒன்" எனத் தேர்ந்தெடுக்க வேண்டும். அனுப்பும் சிஸ்டத்தில் கேம் முழுமையாக அப்டேட் ஆகியிருக்க வேண்டும்.

வேலை செய்யவில்லை என்றால் காரணம் பெரும்பாலும் மூன்றில் ஒன்று. விண்டோஸ் ஃபயர்வாலில் டிசிபி 27040 போர்ட் அடைபட்டிருக்கும். அல்லது ரவுட்டரில் ஏபி ஐசொலேஷன் (ஒரே வைஃபையில் உள்ள சிஸ்டங்கள் ஒன்றோடொன்று பேசாமல் தடுக்கும் அமைப்பு) ஆன் ஆகியிருக்கும். கெஸ்ட் வைஃபையில் இது பெரும்பாலும் தானாகவே ஆன். அல்லது ஒரு ரவுட்டருக்குப் பின்னால் இன்னொரு ரவுட்டர் மாட்டி, ஒரு சிஸ்டம் 192.168.0 வரிசையிலும் மற்றது 192.168.1 வரிசையிலும் இருக்கும். இரண்டாவது ரவுட்டரை ஆக்சஸ் பாயின்ட் மோடுக்கு மாற்றினால் தீரும்.

சுவிட்சு கிகாபிட்டாக இருக்கட்டும். 100 எம்பிபிஎஸ் சுவிட்சில் நொடிக்கு அதிகபட்சம் 12.5 மெகாபைட்தான். கிகாபிட்டில் 100 மெகாபைட்டுக்கு மேல் போகும், அப்போது ஹார்ட் டிஸ்க்தான் தடையாக நிற்கும்.

கொருக்குப்பேட்டை_கிராஃப்

எபிக், எக்ஸ்பாக்ஸ் ஆப் ரெண்டுக்கும் இதே வழிதானா?

ராயபுரம்_ரேஞ்ச்

நெட், டிஸ்க் சோதனை அப்படியே பொருந்தும். எபிக்ல கேம் பக்கத்துல மூணு புள்ளி, மேனேஜ், வெரிஃபை. லாஞ்சரே வெள்ளையா நின்னா லோக்கல் ஆப்டேட்டாவுல எபிக் கேம்ஸ் லாஞ்சர், சேவ்டு ஃபோல்டருக்குள்ள வெப்கேஷ்னு தொடங்குற ஃபோல்டரை அழிச்சுட்டுத் திறங்க. எக்ஸ்பாக்ஸ் ஆப்ல பெரும்பாலும் கேமிங் சர்வீசஸ்தான் சிக்கல். ப்ரொஃபைல் படம், சப்போர்ட், கேமிங் சர்வீசஸ் ரிப்பேர் டூல்.

ஸ்டீம்ல இன்னொண்ணு: டவுன்லோட் ரீஜன் சென்னைல இருந்து மும்பைக்கு மாத்திப் பாருங்க. வாரப் பராமரிப்பு அமெரிக்க மேற்குக் கரையில செவ்வாய் சாயங்காலம், நமக்கு புதன் விடியற்காலை. அந்த நேரத்துல கனெக்ஷன் போனா உங்க வீட்ல எதையும் பிரிக்க வேண்டாம்.

தண்டையார்பேட்டை_டக்

05 பூஜ்யம், சி5 பூஜ்யம், சி7 மட்டும் 1846. சாட்டா கேபிளையும் போர்ட்டையும் மாத்தினேன், மோலக்ஸ் அடாப்டரையும் எடுத்துட்டேன். கேஷ் கிளியர், வெரிஃபை முடிச்சு அப்டேட் முழுசா இறங்கிடுச்சு, பச்சைக் கோடு எங்கயும் விழல. ஆனா சி7 இன்னும் 1846னே காட்டுது. பூஜ்யத்துக்கு வராதா?

வியாசை_வயர்

வராது ப்ரோ. அது டிஸ்க்குக்குள்ளயே பதிவாகிற மொத்த எண்ணிக்கை, குறையவே குறையாது. 1846ஐக் குறிச்சு வெச்சுக்கோங்க. அடுத்த பெரிய அப்டேட் முடிஞ்சதும் பாருங்க. 1846ல நின்னா நீங்க மாத்தினதுல ஒண்ணுதான் காரணம், வேலை முடிஞ்சது. 1847 ஆனாலும் மதர்போர்டையும் பவர் சப்ளையையும் பார்க்கணும், அப்போ இங்கயே எழுதுங்க.